வலது கைக்கு மட்டும் டொப் கோட்

உண்மையைச் சொன்னால் இதை எழுதாமல் விடத்தான் இருந்தேன். எழுத்துக்கும் எனக்கும் தூரம். ஓ.எல். சோதனை மறுமொழி வந்த அன்றைக்கு நானும் பள்ளிக்கூடமும் ஒருவரை ஒருவர் கும்பிட்டுப் பிரிந்துவிட்டோம். இப்போது ஓட்டோ ஓடுகிறேன். அதற்கு ஹோர்ன் அடிக்கத் தெரிந்தால் போதும், பேனை தேவையில்லை. அதோடு, இந்தக் கதையில் நான் பெரிய ஆளும் இல்லை. மற்றவனைப் பற்றி என்றால் கொப்பி கொப்பியாக எழுதுவேன். என்னைப் பற்றி என்றதும் கை பின்னுக்கு இழுக்கிறது.

போன கிழமை மழைக்கு ஒதுங்கிச் சுன்னாகத்தில் அக்காவின் கடைக்குள் போய் இருந்தேன். ஒரு பிள்ளை கதிரையில் கையை நீட்டிக்கொண்டு இருந்தது. அக்கா அதன் நகங்களுக்கு டொப் கோட் பூசிக்கொண்டிருந்தாள். நிறம் காய்ந்த பிறகு மேலே பூசுகிற, கண்ணாடி மாதிரியான கடைசிப் பூச்சு அது. அந்த மணம் மூக்கில் ஏறினதுதான் தாமதம், என்னுடைய வலது கை தானாகவே காற்சட்டைப் பைக்குள் போய்விட்டது. இருபத்தெட்டு வயதில், தாடியில் மூன்று நரையோடு, கலியாணப் பேச்சு நடக்கிற ஒரு ஆம்பிளைக்கு உள்ளங்கை வியர்த்தது. அக்கா கண்டுவிட்டாள். சிரிக்கவில்லை.

எங்கள் ஒழுங்கையில், அந்த ஒடுங்கின தெருவில், என்னோடு கிரிக்கெட் மட்டை பிடித்த பெடியங்களே, உங்களுக்குத்தான் எழுதுகிறேன். என்னை இன்றைக்கும் 'பொலிஷ்' என்று கூப்பிடுகிறீர்கள். உங்களில் இரண்டு பேர் பிள்ளைகளுக்கும் அதைச் சொல்லிக் கொடுத்திருக்கிறீர்கள். 'பொலிஷ் மாமா' என்று அதுகள் கத்த, ஓட்டோவுக்குள் இருக்கிற சனம் சிரிக்கிறது. பரவாயில்லை, உங்களுக்கு நான் வைத்த பெயர்களை நினைத்தால் இது எவ்வளவோ மேல். ஆனால் நீங்கள் சிரிப்பது கதையின் முதல் பாதிக்கு. மற்றப் பாதி உங்களுக்குத் தெரியாது.

எனக்கு அப்போது பதினொரு வயது. ஆவணி விடுமுறை. எங்கள் ஊர்ப் பிள்ளையார் கோயிலுக்குப் பன்னிரண்டு வருசத்துக்குப் பிறகு கும்பாபிஷேகம். சண்டிலிப்பாயில் எங்கள் பக்கம் முழுக்கப் புதுப் பெயின்ற் மணமும் ஒலிபெருக்கிச் சத்தமும்தான். அப்பா தோட்டக்காரர். வெங்காயம், புகையிலை. அதோடு கோயில் நிருவாக சபையிலும் ஒருவர். ஆனபடியால் எங்கள் வீட்டில் கும்பாபிஷேகம் ஒரு மாதம் முந்தியே தொடங்கிவிட்டது. மீன்சட்டியைக் கழுவிக் கவிழ்த்துவிட்டார்கள். எங்கள் பூனைகூட மனம் வெறுத்துப்போய் அடுத்த வீட்டில் குடியேறிவிட்டது.

அக்காவுக்குப் பத்தொன்பது வயது. ஏ.எல். முடித்துவிட்டு வீட்டில் இருந்தாள். சுன்னாகத்தில் அழகுக்கலை வகுப்பு ஒன்று தொடங்கப் போகிறது என்று கேள்விப்பட்டு, மூன்று மாதமாக அப்பாவிடம் கெஞ்சிக்கொண்டிருந்தாள். நேரே கேட்கமாட்டாள். அம்மா மூலமாகக் கேட்பாள், தேத்தண்ணீர் கொடுக்கிற சாட்டில் கேட்பாள், ஒருக்கால் என்னைக்கூட விட்டுக் கேட்டுப் பார்த்தாள். கடைசியில் அப்பா தலையாட்டினார். ஆனால் ஒரு கதை சொல்லித்தான் ஆட்டினார்.

"கும்பாபிஷேகம் முடியுமட்டும் இந்த வீட்டிலை ஆற்றையாவது கையிலை உந்த நகச் சாயத்தைக் கண்டனெண்டால், வகுப்பை மறந்திடு."

அப்பா ஒரு கதையை இரண்டு தரம் சொல்லுகிற ஆள் இல்லை. சொன்னதை மாற்றுகிற ஆளும் இல்லை. அக்கா ஓம் என்றாள்.

ஓம் என்ற அக்காவுக்கு ஒரு சிக்கல் இருந்தது. எங்களுக்கு இரண்டு வீடு தள்ளி ஒரு கலியாணம். கும்பாபிஷேகம் முடிந்து ஒரு கிழமையில் நாள் வைத்திருந்தார்கள். பொம்பிளை அக்காவோடு படித்தவள். அவளுடைய கை நகங்களுக்குப் பூசிவிடுவதாக அக்கா ஏற்கெனவே வாக்குக் கொடுத்துவிட்டாள். அதுதான் அக்காவின் முதல் வேலை. பொம்பிளை ஒன்றே ஒன்றுதான் கேட்டாள்: கலியாணம் முடிந்து நாலாம் நாள் வருகிற நாலாம் சடங்கு முடியும்வரை பூச்சு உரியக் கூடாது. மாப்பிள்ளை வீட்டுப் பெண்கள் எல்லாரும் சுற்றிநின்று கையைத்தான் பார்ப்பார்களாம்.

வெளிநாட்டிலிருந்து மாமி அனுப்பின பெட்டியில் மூன்று போத்தல் வந்திருந்தது. ஒன்று கறுஞ்சிவப்பு. ஒன்று டொப் கோட். மற்றது பூச்சை அழிக்கிற தண்ணீர். அதோடு வந்த புத்தகத்தின் படங்களை அக்கா பார்த்துப் பார்த்துப் படித்திருந்தாள். ஆனால் செய்து பார்க்க ஒரு கை வேண்டுமே. தன் கையில் பூச ஏலாது, அப்பாவுக்குச் சோறு போடுகிற கை அது. அம்மாவின் கையும் சரிவராது. வீட்டில் ஒருத்தரும் உற்றுப் பார்க்காத கை ஒன்று இருந்தது. எப்பவும் புழுதியாக, புளியம்பழப் பிசினாக இருக்கிற கை.

"உன்ரை கையிலை மூண்டு நாள் நிண்டுதெண்டால், ஆற்றை கையிலையும் ஒரு மாசம் நிக்கும்" என்றாள் அக்கா.

லீவு முடியும்வரை அவளுடைய சைக்கிளை எனக்குத் தரவேண்டும் என்று பேரம் பேசிக் கையை நீட்டினேன்.

அப்பா கோயிலுக்குப் போயிருந்த ஒரு மத்தியானம், பின்பக்கத்து விறகுக் கொட்டிலுக்குள் வைத்துப் பூசினாள். முதலில் சவர்க்காரம் போட்டுக் கழுவினாள். பிறகு அழிக்கிற தண்ணீரைப் பஞ்சில் ஒற்றி நகத்தைத் துடைத்தாள், எண்ணெய்ப் பசை இருந்தால் பூச்சு பிடிக்காதாம். நிறத்தை மெல்லிசாக ஒருதரம் பூசிக் காயவிட்டு, இன்னொருதரம் பூசினாள். தடிப்பாக ஒரேதரத்தில் அப்பினால் உள்ளே ஈரமிருந்து தோலாக உரிந்துவிடும் என்றாள். இடது கையை அதோடு விட்டாள். வலது கைக்கு மட்டும் மேலே டொப் கோட். எது எவ்வளவு நாள் நிற்கிறது என்று பார்க்கவேண்டுமே.

டொப் கோட் பூசும்போது அக்கா மூச்சே விடவில்லை. தூரிகையை நகத்தின் அடியிலிருந்து நுனிக்கு ஒரே இழுவையாக இழுத்தாள். பிறகு நுனி விளிம்பையும் தூரிகையால் தடவி மூடினாள்.

"இந்த விளிம்பைத்தான் எல்லாரும் விடுறவை. தண்ணி உதாலைதான் உள்ளுக்கை போறது. அசையாதை."

இரண்டு மணித்தியாலம் ஒன்றையும் தொடக் கூடாது என்றாள். நுளம்பு ஒன்று மூக்கில் குந்திக் கடித்துவிட்டு என்னைப் பார்த்துச் சிரித்தது. அசையவில்லை. என்னுடைய வாழ்க்கையில் ஒரு வாத்தியாராலும் செய்ய முடியாததை அந்தப் போத்தல் செய்தது.

இடது கைப் பூச்சு அடுத்த நாளே கிளம்பத் தொடங்கியது. மிச்சத்தை நானே கடித்துத் துப்பிவிட்டேன். வலது கை அப்படியே இருந்தது. கிணற்றுக் கயிறு இழுத்தேன், வெங்காயப் பாத்தியில் புல்லுப் பிடுங்கினேன், நாள் முழுக்கப் பந்து பொறுக்கினேன். ஒரு கீறல் இல்லை. ஒவ்வொரு நாளும் கொட்டிலுக்குள் கூப்பிட்டுக் கையைத் திருப்பித் திருப்பிப் பார்த்து அக்கா பூரிப்பாள். கஷ்டம் எனக்குத்தான். ஏனென்றால் சாப்பிடுகிற கை அதுதான்.

அப்பாவோடு ஒரு பந்தியில் இருந்து, அவருக்கு நேரே வலது கையை ஒளித்துக்கொண்டு சோறு தின்று பார்த்திருக்கிறீர்களா? குழம்பை நிறைய விடச்சொல்லி, நகம் தெரியாமல் சோற்றுக்குள் விரலைப் புதைத்து, அப்பா நிமிரும்போதெல்லாம் குனிந்து அள்ளி அள்ளித் தின்றேன். கோயில் காலத்தில் உவனுக்கு நல்ல பசி வந்திருக்கிறது, பிள்ளையார் கண் திறந்துவிட்டார் என்று அப்பா அம்மாவிடம் சந்தோஷப்பட்டார். அம்மாவுக்கோ வேறு யோசனை. பெடியன் கையைப் பொத்திக்கொண்டு திரிகிறான், திருதிருவென்று முழிக்கிறான், எங்கேயோ பயந்துவிட்டான் என்று திருநீறு போடுவிக்கக் கூட்டிக்கொண்டு போனார். பயந்தது என்னவோ உண்மைதான். திருநீற்றை இடது கையால் வாங்கி அதற்கும் ஏச்சு வாங்கினேன்.

சரி, எண்ணெய்க் காப்பன்றைக்கு முதல் நாள் அழித்துவிடுவோம் என்பது அக்காவின் கணக்கு. எண்ணெய்க் காப்பு என்றால் உங்களுக்குத் தெரியும். கும்பாபிஷேகத்துக்கு முந்தின நாள், ஊர்ச்சனம் எல்லாம் மூலஸ்தானத்துக்குள் போய், தங்கள் கையாலேயே சாமிக்கு எண்ணெய் பூசலாம். மற்ற நாளில் ஐயரைத் தவிர ஒருத்தரும் கால் வைக்க ஏலாத இடம். பன்னிரண்டு வருசத்துக்கு ஒருக்கால்தான் கிடைக்கும். வீட்டில் ஒருத்தரும் விடுபடக் கூடாது என்று அப்பா ஒரு மாதமாகச் சொல்லிக்கொண்டிருந்தார். பூசுவது வலது கையால்.

முதல் நாள் பின்னேரம் அக்கா கொட்டிலுக்குள் கூப்பிட்டாள். அழிக்கிற போத்தலைத் திறந்து பஞ்சில் ஊற்றி என் பெருவிரலைத் தேய்த்தாள். ஒன்றும் வரவில்லை. திருப்பித் தேய்த்தாள். அவளுடைய முகத்தில் முதலில் ஒரு பெருமை தெரிந்தது, இவ்வளவு பலமாகப் பூசியிருக்கிறேனே என்று. பிறகு பஞ்சை மூக்கில் வைத்து மணந்தாள்.

அது கிணற்றுத் தண்ணீர்.

அதற்கு முந்தின கிழமை நான் செய்த வேலை. என்னுடைய கூட்டாளி ஒருத்தன், இரண்டு ஒழுங்கை தள்ளி இருந்தவன், உங்கள் எல்லாருக்கும் தெரியும் யார் என்று. அவன் தன்னுடைய மட்டையில் அழியாத மையால் பெயர் எழுதி வைத்திருந்தான். அக்காவின் அழிக்கிற போத்தலைக் களவெடுத்துக்கொண்டுபோய், முழுவதையும் ஊற்றித் தேய்த்து அந்தப் பெயரை அழித்து, என் பெயரை எழுதினேன். போத்தலில் தண்ணீரை நிரப்பி வைத்த இடத்திலேயே வைத்துவிட்டேன். அவன் ஒரு நாள் முகத்தை நீட்டிக்கொண்டு இருந்துவிட்டு, அடுத்த நாள் அதே மட்டையை என்னிடம் கொடுத்து முதலில் நீ ஆடு என்றான். அவன் அப்படித்தான். எவ்வளவு பகிடி பண்ணினாலும் ஒரு நாளைக்கு மேல் கோபம் நிற்காது.

அக்காவிடம் உண்மையைச் சொன்னேன். அடிப்பாள் என்று நினைத்தேன், அடிக்கவில்லை. தேசிக்காய் வெட்டித் தேய்த்தாள். மண்ணெண்ணெய் தேய்த்தாள். சாம்பலும் உப்பும் போட்டுத் தேங்காய்த் தும்பால் உரஞ்சினாள். தோல்தான் எரிந்தது, பூச்சு இன்னும் மினுங்கியது. பிளேட்டை எடுத்து நகத்தில் வைத்துவிட்டுத் திரும்ப எடுத்தாள். வெட்டுப்பட்டால் ரத்தக் காயம். ரத்தக் காயத்தோடு கோயிலுக்குள் போக ஏலாது. ஏன் என்று அப்பா கையைப் பார்ப்பார். சுன்னாகத்துக்குப் போய் இன்னொரு போத்தல் வாங்க நேரமில்லை, கடைகள் பூட்டுகிற நேரம்.

விறகுக் குவியலில் சாய்ந்து அப்படியே குந்திவிட்டாள்.

"உனக்கு எல்லாம் விளையாட்டடா. எனக்கு இது ஒண்டுதான் இருந்தது."

இவ்வளவுதான் சொன்னாள். அதற்கு முதல் எனக்குப் பயம் என்றால் அடிக்குத்தான். அடி இரண்டு நாளில் ஆறிவிடும். இது வேறு. ஒரு பகிடியும் வாயில் வரவில்லை.

விடிந்ததும் தலைமுழுகி, வேட்டி கட்டி, கையை வேட்டிக் கரைக்குள் சுருட்டிப் பிடித்துக்கொண்டு கோயிலுக்குப் போனேன். அப்பா முந்தியே போய்விட்டார். கோயில் கிணற்றடியில் கூட்டாளி நின்றான். கையைக் காட்டினேன், எல்லாம் சொன்னேன். மட்டை விசயமும் சொன்னேன். நான் அவனாக இருந்தால் சிரித்து விழுந்திருப்பேன். அவன் சிரிக்கவில்லை. திருநீற்றுத் தட்டத்திலிருந்து ஒரு பிடி அள்ளிவந்து, தண்ணீரில் குழைத்து, ஒவ்வொரு நகத்திலும் அப்பி ஊதிக் காயவைத்தான்.

"விரலை மடிச்சுக்கொண்டு உள்ளங்கையாலை தடவு. டக்கெண்டு வெளியாலை வந்திடு" என்றான்.

வரிசை வெளிவீதி வரைக்கும் நின்றது. ஒரு பக்கம் ஆம்பிளைகள், மற்றப் பக்கம் பெண்கள். வெளிநாட்டிலிருந்து வந்த ஆட்கள், பொல்லூன்றின கிழடுகள், தோளில் குழந்தைகள். அக்கா எதிர் வரிசையில் அம்மாவோடு நின்றாள். என்னைப் பார்க்கவில்லை. நான் வாசலை நெருங்கும்போது அப்பா எங்கிருந்தோ வந்து எனக்குப் பின்னால் நின்றுகொண்டார். மகனோடு சேர்ந்து எண்ணெய் வைக்க ஆசைப்பட்டிருக்கிறார். அவருடைய கை என் தோளில் இருந்தது. அந்தக் கையின் பாரத்தை நான் இன்னும் மறக்கவில்லை.

மூலஸ்தானத்துக்குள் புகையும் வெக்கையும். நிலமெல்லாம் எண்ணெய், கால் வழுக்கியது. பிள்ளையார் நான் நினைத்ததைவிடச் சின்னவராக, கன்னங்கரேலென்று, எண்ணெய் வடிய இருந்தார். அவ்வளவு கிட்டத்தில் பார்த்ததும் எனக்கு இன்னொரு பயம் பிடித்தது. நான் தொட, சாயம் கரைந்து அவர் காலில் சிவப்பாக ஒட்டிக்கொண்டால்? ஐயர் என் கையைப் பிடித்து விரித்து எண்ணெயை ஊற்றினார். உள்ளங்கையில் நிற்கும் என்றுதானே நாங்கள் இரண்டு பேரும் நினைத்தோம். எண்ணெய் விரலிடுக்கால் வழிந்து ஓடியது. திருநீறு கரைந்தது. நான் கையைச் சாமியின் பாதத்தில் வைத்து எடுக்கிறேன், விளக்கு வெளிச்சத்தில் அஞ்சு விரலிலும் ஈரச் சிவப்பு.

உதவிக்கு நின்ற சின்ன ஐயர் என் மணிக்கட்டைப் பிடித்துவிட்டார்.

"நில்லுங்கோ, ஒருத்தரையும் உள்ளை விடாதேங்கோ. பிள்ளைக்கு ரத்தம்."

வாசலில் நின்றவர் கையைக் குறுக்கே போட்டு வரிசையை மறித்தார். மூலஸ்தானத்துக்குள் ரத்தம் என்றால் என்ன என்று அந்த வயதிலேயே எனக்குத் தெரியும். எல்லாம் நிற்கும். கழுவவேண்டும், பரிகாரம் செய்யவேண்டும், திரும்ப முதலிலிருந்து தொடங்கவேண்டும். நாளைக்கு வைத்த நல்ல நேரம் தப்பிவிடும். வெளியில் நிற்கிற அவ்வளவு சனமும் என் பெயரைச் சொல்லும், அப்பாவின் பெயரையும் சொல்லும். ரத்தம் இல்லை என்று சொல்ல ஒரு சொல் போதும். அந்தச் சொல்லைச் சொன்னால் அக்கா முடிந்தாள்.

பெரிய ஐயர் எண்ணெய்ச் செம்பை வைத்துவிட்டு என்னைப் பார்த்தார். அப்பா முன்னுக்கு வந்து குனிந்தார். வாசலுக்கு வெளியே சத்தம் அடங்கிவிட்டது. மூத்திரம் போய்விடுமோ என்று இன்னொரு பயம். சாமிக்கு முன்னால் அதுவும் நடந்தால் பிறகு ஊரில் இருக்க ஏலாது.

"ரத்தமில்லை," என்றேன். "பொலிஷ்."

சின்ன ஐயர் பெருவிரலால் என் நகத்தைத் தேய்த்துப் பார்த்தார். விரலில் ஒன்றும் ஒட்டவில்லை. அவர் விட்ட மூச்சு என் நெற்றியில் பட்டது. பொலிஷ்தானாம் என்று வாசலில் நின்றவர் வெளியே சொன்னார். முதலில் ஒருத்தர் சிரித்தார். பிறகு வரிசை முழுக்க அந்தச் சிரிப்பு நடந்துபோய் வெளிவீதி வரை போனது. நீங்கள் எல்லாரும் அங்கேதான் நின்றீர்கள். எனக்குப் பெயர் வந்தது அப்போதுதான். பெரிய ஐயரும் சிரித்துக்கொண்டு, சரி, போ மோனை என்றார்.

அப்பா சிரிக்கவில்லை. குனிந்து எண்ணெய் வைத்தார். கும்பிட்டார். வெளியே வந்தார்.

உங்களுக்குத் தெரிந்த பாதி இவ்வளவுதான்.

அப்பா சைக்கிளை உருட்டிக்கொண்டு நடந்தார். நான் பக்கத்தில் நடந்தேன். கோயில் ஒலிபெருக்கிச் சத்தம் பின்னால் தேய்ந்துகொண்டு வந்தது. எங்கள் தோட்டத்து வேலியடியில் நின்றார்.

"ஆர் பூசினது?"

நான்தான் என்றேன். அக்காவின் பெட்டியிலிருந்து களவாக எடுத்துப் பூசினேன் என்றேன். களவு எனக்குப் பழக்கம் என்று அவருக்குத் தெரியும், நம்புவார் என்று நினைத்தேன். அப்பா என் இடது கையை விரித்துப் பார்த்தார். பிறகு வலது கையை. நெடுநேரம் பார்த்தார். கட்டின வெங்காயப் பிடியைப் பார்த்து எந்தக் கூலியாள் கட்டினது என்று சொல்லுகிற மனிசன் அவர். நகத்தின் ஓரத்தில் ஒரு மயிரளவுகூடத் தோலில் படாமல் இழுத்த கோட்டைப் பார்த்தார்.

"வலக்கைக்கு எந்தக் கையாலை பூசினனீ?"

இடது கையால் என்றேன். வேறு என்ன சொல்ல?

அப்பா வேலியில் ஒரு குச்சியை முறித்து என் இடது கையில் தந்தார். புழுதியைக் காட்டி, பெயரை எழுது என்றார். எழுதினேன். நாலு எழுத்து எழுதுவதற்குள் கோடு கோணி, கோழி கிளறின மாதிரி வந்தது. அப்பா அதைப் பார்த்தார், என்னைப் பார்த்தார். வீட்டுப் பக்கம் திரும்பிப் பார்த்தார். அங்கே அக்கா வந்துவிட்டாள், வாசல் படலையடியில் நிற்பது தெரிந்தது. அவர் வாயைத் திறந்தால் வகுப்பு முடிந்தது. திறக்கத்தான் போகிறார்.

எனக்கு வந்த முதல் பெயரைச் சொன்னேன்.

கூட்டாளியின் பெயரை.

அவன்தான் பூசினான், பகிடிக்குப் பூசினான் என்றேன். சொல்லும்போதே, காலையில் என் நகத்தை ஊதிக் காயவைத்த அவனுடைய மூச்சு விரலில் பட்ட மாதிரி இருந்தது. ஆனால் வாய் நிற்கவில்லை. அப்பா குச்சியை வாங்கி எறிந்தார். சைக்கிளைத் திருப்பி, ஏறி, அவனுடைய வீட்டு ஒழுங்கைக்குள் போனார்.

அங்கே போய் அவனுடைய தகப்பனிடம் சொல்லியிருப்பார் என்றுதான் நான் எண்ணிக்கொண்டேன். அவனுடைய தகப்பன் எப்படிப்பட்டவர் என்று உங்களுக்குச் சொல்லத் தேவையில்லை. கால் மணித்தியாலத்தில் அப்பா திரும்பி வந்தார். கை கழுவிவிட்டுச் சோறு போடச்சொல்லி அக்காவிடம் கேட்டார். அக்கா போட்டாள். வகுப்பைப் பற்றி ஒரு கதையும் இல்லை. அடுத்த நாள் கும்பாபிஷேகத்தில் அத்தனை சனத்துக்குள்ளும் கூட்டாளியைத் தேடினேன். அவன் வரவில்லை. மூன்றாம் நாள் ஒழுங்கையில் கண்டேன். பிடரியைச் சொறிந்துகொண்டு நின்றான். இரண்டு கெண்டைக்காலிலும் தடிப்புத் தடிப்பாகக் கோடுகள். மட்டை எங்கே என்று யாரோ கேட்க, அடுப்புக்குள் போய்விட்டது என்றான். என்னைப் பார்த்துப் பந்து போடச் சொன்னான். போட்டேன்.

வேறு ஒன்றும் கேட்கவில்லை. யார் சொன்னது என்று அவனுக்குத் தெரியாது என்று முடிவு கட்டினேன். அந்த முடிவுதான் என்னைத் தின்றது. தெரியாதவனுக்கு ஒரு நாள் தெரியவரலாம் அல்லவா? அந்த வருசக் கடைசியில் அவனைப் பருத்தித்துறையில் தாய்மாமன் வீட்டுக்கு அனுப்பிவிட்டார்கள், இங்கே சேர்க்கை சரியில்லையாம். லீவுக்கு வருவான். அவன் படலையைத் திறக்கிற சத்தம் கேட்டால், இன்றைக்குத் தெரிந்துகொண்டுதான் வருகிறான் என்று நினைப்பேன். வந்து, நான் பண்ணுகிற பகிடிக்குச் சிரித்துவிட்டுப் போவான். அவனுடைய கலியாணத்துக்குப் போனேன். ஓட்டோவுக்கு முற்பணம் கட்டக் காசு தந்தான். ஒவ்வொரு தரமும் சொல்ல வாயெடுத்து, ஒரு பகிடியைச் சொல்லிவிட்டு வந்தேன். நான் ஏன் இவ்வளவு பகிடி பண்ணுகிறேன் என்று கேட்கிறீர்களே, பாதி இதற்காகத்தான்.

கலியாணப் பொம்பிளையின் நகம் நாலாம் சடங்கில் பளபளவென்று இருந்தது. மாப்பிள்ளை வீட்டார் கேட்டு, அக்காவின் பெயர் பருத்தித்துறை வரைக்கும் போனது. வகுப்புக்குப் போனாள். கடை போட்டாள். அப்பா போய் நாலு வருசம், அவரிடம் இனிக் கேட்க ஏலாது. அன்றைக்கு அவர் என்னை நம்பினாரா என்றும் தெரியாது. அக்காவுக்கும் நான் சொல்லவில்லை. போன கிழமை கடையில் அவள் சிரிக்காமல் பார்த்த பார்வையில், அவளும் ஏதோ ஒன்றைக் கேட்கப் பயந்துகொண்டுதான் இருக்கிறாள் என்று பட்டது.

ஆனபடியால் எழுதினேன். உங்களுக்கு அனுப்ப முதல் அவனுக்கு அனுப்புவதுதான் முறை. நேற்றுக் காலையில் ஓட்டோவை ஒரு வேம்புக்குக் கீழே விட்டுவிட்டு, எழுதின தாள்களைப் போட்டோ பிடித்து அனுப்பினேன். பார்த்துவிட்டான் என்று போன் காட்டியது. மத்தியானம் வரை ஒன்றும் வரவில்லை. இரண்டு சவாரி வந்தது, போகவில்லை. பதினொரு வயதில் அந்த வரிசையில் நின்ற மாதிரியே உட்கார்ந்திருந்தேன்.

பிறகு ஒரு வரி வந்தது.

"மச்சான், உன்ரை கொப்பர் அண்டைக்கு என்ரை அப்பாவிட்டைச் சொல்ல முதல் என்னைத்தான் தனியக் கூப்பிட்டு நீயோ பூசினனீ எண்டு கேட்டவர், நான்தான் ஓம் எண்டு சொன்னனான்."